திண்ணனார் பேசிய கன்னடம்: நடிகர் இராஜ்குமாரின் கலைவாழ்வு

சென்னைக்கு மேற்கே, பூவிருந்தவல்லிக்கு அணித்தாக அமைந்தது குன்றத்தூர். திருத்தொண்டர் புராணம் பாடிய சேக்கிழார் பெருமான் பிறந்த ஊர் அது. சோழநாட்டுத் திருநாகேச்சுரத்தில் நெஞ்சம் ஈடுபட்ட அவர், அப்பெயராலேயே ஒரு கோயிலைத் தம் ஊரிலும் எடுப்பித்தார். அக்கோயில் இன்றும் வழிபாட்டில் உள்ளது. குன்றத்தூரிலிருந்து போரூரை அடைந்து, ஆர்க்காட்டுச் சாலை வழியே கிழக்கு நோக்கிச் சென்றால் வடபழனி வரும். ஒரு பகலில் நடந்து தீர்க்கத்தக்க தொலைவுதான். குன்றத்தூர்ப் புலவர் பாடிய வேடன் வடபழனிப் படநிறுவனம் ஒன்றின் வாயிலாக 1954-ஆம் ஆண்டில் வெள்ளித்திரைக்கு வந்தபோது, அவன் தமிழ் பேசவில்லை, கன்னடம் பேசினான். அவனாக நின்று பேசிய இளைஞர் அதற்குமுன் தலைமை வேடம் எதனையும் திரையில் ஏற்றிராதவர். அவரே பின்னர்க் கன்னட நாடு முழுவதும் 'அண்ணாவரு' என்று உறவுப்பெயரிட்டு அழைத்த இராஜ்குமார்.

இந்நடிகரைப் பற்றித் தமிழாய்வு இதழொன்றில் எழுதவேண்டுவது என்னை என்று வினவுவார் உளர். திரைப்படம் ஆய்வுப்பொருளாகுமா என்னும் ஐயம் முன்னைத் தலைமுறையினர்க்கு இருந்தது. இன்று அஃது ஏறத்தாழ நீங்கிவிட்டது. நீங்காதிருப்பது வேறொன்று. இராஜ்குமார் என்ற பெயரைக் கேட்டவுடன் நம்மவருள் பலர்க்குக் கலை நினைவுக்கு வருவதில்லை. மொழிப்பூசலும் காவிரிப் பூசலும் காட்டில் நடந்த கடத்தலுமே நினைவுக்கு வருகின்றன. அங்கும் நிலை பெரிதும் வேறன்று. அவரைக் கொடியாக உயர்த்தியவர்கள், அவர் நடிப்பின் வேரைத் தேடியவர்களைக் காட்டிலும் மிகுதி. அவ்வேரின் ஒரு கிளை நம் பெரியபுராணத்தில் ஊன்றியுள்ளது என்பதும், அவர் கலைவாழ்வு முழுமையையும் விளங்கிக்கொள்வதற்கு அதுவே நல்ல வாயில் என்பதும் இக்கட்டுரையாளனின் கருத்து.

இராஜ்குமாரின் இயற்பெயர் முத்துராஜ். அவர் 1929-ஆம் ஆண்டு ஏப்பிரல் 24-ஆம் நாள் காஜனூரில் பிறந்தார். அவ்வூர் அந்நாளில் சென்னை மாகாணத்துக் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. இன்று தமிழ்நாட்டு ஈரோடு மாவட்டத்துத் தாளவாடி வட்டத்தில் உள்ளது. சத்தியமங்கலத்திலிருந்து திம்பம் மலைப்பாதை ஏறி அப்பால் இறங்குவோர் அறிவர்: அங்கே வீட்டிலும் வயலிலும் பேசப்படும் மொழி பெரும்பாலும் கன்னடம். 1956-ஆம் ஆண்டில் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோதும் அப்பகுதி சென்னை மாநிலத்திலேயே நின்றது. வரைபடத்துக் கோடு ஒன்று. நாவின் வழக்கு ஒன்று. கன்னடத்தின் அடையாளமாகவே போற்றப்பெற்றவர் தமிழ்நாட்டு எல்லைக்குள் பிறந்தவர் என்பதை ஒரு புதுமைபோலச் சுட்டி மகிழ்வார் இருதிறத்தும் உளர். எல்லைப்புற ஊர்களின் இயல்பை அறிந்தார்க்கு அதில் புதுமை ஒன்றும் இல்லை.

தந்தையார் சிங்காநல்லூர் புட்டசாமையா நாடக நடிகர். இரணியன், இராவணன், கம்சன் முதலிய வீறுமிக்க வேடங்களில் பெயர் பெற்றவர். குப்பி வீரண்ணாவின் நாடகக் குழுவில் அவர் நடித்தார். மகனும் இளமையிலேயே அக்குழுவிற் சேர்ந்தார். பள்ளிப்படிப்பு தொடக்க வகுப்புகளோடு நின்றது. ஆயினும் கல்வி நின்றது என்று கூறுதல் பொருந்தாது. தமிழகத்தில் சங்கரதாச சுவாமிகளின் நாடகங்களைப் பாடம் செய்து வளர்ந்த பாலர் குழுக்கள் எத்தகைய பள்ளிகளாக விளங்கினவோ, அத்தகைய பள்ளியாகக் குப்பிக் குழு கன்னட நாட்டில் விளங்கியது. பாட்டும் உரையும் ஒருங்கு பயிலவேண்டும். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையின் கடைசி வரிசைக்கும் மெய்யெழுத்துச் சிதையாமற் கேட்கவேண்டும். இன்று அரசன், நாளை சேவகன் என்று வேடம் மாறவேண்டும். இராஜ்குமாரின் கன்னட உச்சரிப்பைப் போற்றாதார் அங்கு இலர். அத்திருத்தம் ஏட்டுக்கல்வியால் வந்ததன்று. நாட்தோறும் மேடையில் நாவைச் சாணைபிடித்ததனால் வந்தது. நம் சிவாஜி கணேசன் பிறந்தது 1928-இல். இருவரும் ஏழு திங்கள் இடைவெளியிற் பிறந்து, ஒரே வகைப் பள்ளியிற் பயின்றவர்கள். இவ்வொப்புமையைப் பின்னர் விரிவாக நோக்குவோம்.

முதலில் கண்ணப்பர் வரலாற்றின் வழியைக் காண்போம். காளத்தி வேடரின் அன்பை மாணிக்கவாசகர் நினைந்து உருகுகிறார். நக்கீரர் பெயராலும் கல்லாடர் பெயராலும் 'திருக்கண்ணப்பதேவர் திருமறம்' என இரண்டு நூல்கள் பதினோராந் திருமுறையில் உள்ளன. சுந்தரர் தொகையிலும் நம்பியாண்டார் நம்பி அந்தாதியிலும் இடம்பெற்ற அவ்வேடர், சேக்கிழாரிடத்து வந்தபோது முழுக் காப்பிய மாந்தராக வளர்ந்தார். கன்னடத்தில் அரிகரகவி புராதனர் எனப்பெறும் இவ்வடியார்கள்மீது பாடிய இரகளைகளில் கண்ணப்பருக்கும் ஓர் இரகளை உண்டு. தெலுங்கில் தூர்ச்சடி பாடிய காளத்தி மான்மியத்திலும் அவர் கதை விரிகிறது. மூன்று மொழிகள் கூடும் எல்லையில் நிற்கும் மலை காளத்தி; அதன் வேடன் மூன்று மொழிக்கும் உரியவனானது இயல்பே. பெயரும் உடன் சென்றது. தமிழ்த் திண்ணன், கன்னடத்தில் 'தின்ன' என்று எடுப்பொலி பெற்று முதலெழுத்து மெலிந்தான். வேடன் அங்கே 'பேட' ஆனான். தமிழ் வகரத்திற்கு நேராகக் கன்னடத்தில் பகரம் எடுத்தொலித்து வருவது மொழிநூலார் நன்கு அறிந்ததே. ஆதலின் 'பேடர கண்ணப்ப' என்ற படத்தலைப்பு நம் செவிக்குச் சிறிது அயலாகத் தோன்றினும் 'வேடர் கண்ணப்பன்' என்பதன் உடன்பிறப்பேயாம். (சேக்கிழார் கூறும் திண்ணனார் பிறந்த உடுப்பூர் பொத்தப்பி நாட்டு ஊர். அதனைக் கன்னடக் கடற்கரையின் உடுப்பியோடு மயங்குவாரும் உண்டு. மாணவர் விடைத்தாளில் நானே கண்டிருக்கிறேன்.)

குப்பிக் குழுவின் மேடையில் வழங்கிய இக்கதை, ஏ.வி.எம். நிறுவனமும் வீரண்ணாவின் நிறுவனமும் இணைந்து எடுத்த படமாக 1954-இல் வெளிவந்தது. இயக்கியவர் எச். எல். என். சிம்மா. முத்துராஜுக்கு இராஜ்குமார் என்னும் பெயரைத் தந்தவரும் அவரே. பண்டரிபாய் திண்ணன் மனைவி நீலாவாக நடித்தார். பின்னாளிற் கன்னடத் திரையின் சிறந்த நகைச்சுவை நடிகராக விளங்கிய நரசிம்மராஜு அறிமுகமானதும் இப்படத்திலேதான். அதே ஆண்டில் இக்கதை 'ஸ்ரீ காளஹஸ்தீஸ்வர மகாத்மியம்' எனத் தெலுங்கிலும் எடுக்கப்பெற்றது. அதிலும் இராஜ்குமாரே நடித்தார். இருநூற்றுக்கு மேற்பட்ட படங்களில் நடித்த அவர் கன்னடமல்லாத மொழியில் நடித்தது அஃது ஒன்றே.

சேக்கிழாரின் கண்ணப்பரையும் படத்தின் கண்ணப்பரையும் அருகருகே வைத்து நோக்கின் இரண்டு வேறுபாடுகள் முன்வந்து நிற்கின்றன. ஒன்று, மனைவி. பெரியபுராணத்துத் திண்ணனார் மணம் செய்திலர். நாணனும் காடனும் உடன்வர வேட்டைக்குச் சென்றவர், பொன்முகலியாற்றைக் கடந்து மலையேறிக் குடுமித்தேவரைக் கண்டபின் வீடு திரும்பவேயில்லை. தந்தை நாகனும் தேவராட்டியும் வந்து அழைத்தும் பயனில்லை. ஆறே நாள், அவ்வாறு நாட்களில் ஓர் உயிரின் முழு வரலாறும் முடிந்துவிடுகிறது. அவ்விரைவே சேக்கிழார் பாட்டின் ஆற்றல். படம் மூன்று மணிநேரம் ஓடவேண்டும்; அதற்கு இல்லறமும் பிரிவும் வேண்டியிருந்தன. இதனைப் பெரிய குறையென்று நான் கருதவில்லை. நாடக வழக்கு நீண்டநாளாகச் செய்துவந்ததே இது.

மற்றொன்று ஆழ்ந்து ஆராயத்தக்கது. படத்தில் வரும் கோயில் அர்ச்சகர் நேர்மையற்றவர். திண்ணன்மீது களவுக் குற்றம் சுமத்தி அவனைத் துன்புறுத்துபவர். சேக்கிழாரின் சிவகோசரியாரோ குற்றமற்ற முனிவர். இறைச்சியும் எலும்பும் சிதறிக் கிடப்பதைக் கண்டு அவர் பதைப்பது தந்நலத்தினால் அன்று. தாம் அறிந்த முறையில் தாம் அன்பு செய்யும் தெய்வத்துக்கு இழிவு நேர்ந்ததே என்பதனால். வாயில் நீரும் தலைமயிரிற் பூவும் கொண்டுவரும் வேடனது அன்பும் உண்மை. மந்திரத்தோடு மலரிடும் முனிவரது அன்பும் உண்மை. இரண்டு உண்மைகள் ஒன்றையொன்று அறியாமல் ஒரே சந்நிதியில் மாறிமாறி வந்துபோகின்றன. பகைவன் ஒருவனும் இல்லாத இம்முரணே கண்ணப்பர் புராணத்தின் நாடகச் சிறப்பு. இறைவன் முனிவரைத் தண்டிக்கவில்லை. கனவில் தோன்றி, மறைந்திருந்து காண்க என்கின்றான். அர்ச்சகரைக் கொடியவராக்கிய கணமே கதை எளிதாகிவிடுகிறது. நல்லவன் தீயவன் என்னும் பழகிய வழக்கில் விழுந்துவிடுகிறது. படத்தின் பெருங்குறை இது என்றே கூறுவேன்.

இக்குறை அப்படத்துக்கு மட்டும் உரியதன்று. அக்காலத்தின் சுவை அது. இதனை உணர்வதற்கு 1952-இல் வெளிவந்த 'பராசக்தி'யை நோக்குதல் வேண்டும். அதிலும் ஏ.வி.எம். நிறுவனத்துக்குப் பங்குண்டு. அதிலும் பண்டரிபாயே நாயகி. அதற்கும் இதற்கும் இசையமைத்தவர் ஆர். சுதர்சனம் ஒருவரே. பராசக்தியில் சிவாஜி கணேசனுக்காகப் பாடிய சிதம்பரம் சி. எஸ். ஜெயராமனே பேடர கண்ணப்பவில் இராஜ்குமாருக்காகவும் பாடினார். அங்கும் கோயிற் பூசாரி ஒருவன் தீயவனாக வருகிறான். நிறுவனம், நாயகி, இசை, குரல், கோயிலைப் பற்றிய ஐயம் ஆகிய இத்தனையும் ஒத்திருக்க, வேறுபட்டு நிற்பவர் நாயகர் ஒருவரே. இரண்டு மொழிகளின் இரு பெரு நடிகர்கள் இரண்டாண்டு இடைவெளியில் ஏறத்தாழ ஒரே பட்டறையிலிருந்து வெளிவந்தனர். ஒப்பிலக்கிய மாணவர்க்கு இதனினும் வாய்ப்பான பொருள் கிடைப்பது அரிது.

குணசேகரன் தனக்கு நேர்ந்த தீங்குக்கு நாவினால் விடை கூறுகிறான். நீதிமன்றத்தில் நின்று, கலைஞர் மு. கருணாநிதி எழுதிய உரையாடலை அடுக்கடுக்காகப் பொழிகிறான். கேட்பவர் நெஞ்சு கொதிக்கிறது. திண்ணன் தனக்கு நேர்ந்த தீங்குக்கு விடையே கூறவில்லை. அவன் கொடுக்கிறான். வழக்குரைக்கும் நாயகன் ஒருவன். வழங்கிவிடும் நாயகன் மற்றொருவன். தமிழ்த்திரையின் அடுத்த இருபதாண்டு நடிப்பை முன்னவன் எவ்வளவு பாதித்தான் என்பதை நாம் நன்கு அறிவோம். பின்னவன் கன்னடத்திரையை அவ்வளவு ஆழமாகப் பாதித்தான் என்பதை நாம் இன்னும் அறிந்திலோம்.

கண்ணைக் கொடுக்கும் காட்சி எந்த நடிகர்க்கும் பொறி வைத்த இடம். அழுகையும் அலறலுமாக அதனைப் பெருக்கிவிடலாம். சேக்கிழார் அங்ஙனம் செய்யவில்லை. தேவரின் வலக்கண்ணில் குருதி வழியக் கண்ட திண்ணனார் முதலில் தேடுவது பகைவனை. பின்னர்த் தேடுவது பச்சிலையை. அதன்பின்னரே தசைக்குத் தசை மருந்து என்னும் பழமொழி நினைவுக்கு வருகிறது. வேடனுக்குரிய அறிவு படிப்படியாகச் செயற்படுகிறது. குருதி நின்றதும் அவர் அடைவது பெருமகிழ்ச்சி, குதித்தாடுகிறார். இடக்கண்ணிலும் குருதி தோன்றியபோது அவர்க்கு அச்சமில்லை, மருந்து தெரிந்துவிட்டது. கண்ணிழந்தபின் இடம் தெரியவேண்டுமே என்று காலை ஊன்றி அடையாளம் வைத்துக்கொள்வது எத்துணை நடைமுறை அறிவு! தியாகம் என்ற சொல்லே திண்ணனார்க்குத் தெரியாது. இத்தன்மையை இளம் இராஜ்குமார் உணர்ந்திருந்தார் என்றே படத்தைக் காணுந்தோறும் எனக்குத் தோன்றுகிறது. உடல் வேடனுடையது, நோக்குக் குழந்தையினுடையது. தான் பெரிதாக ஒன்று செய்வதாக அம்முகம் காட்டிக்கொள்வதில்லை. படத்தின் கதையமைப்பு இழந்த சேக்கிழாரை நடிகரின் முகம் ஓரளவு மீட்டுத் தருகிறது.

கண்ணப்பராகத் தொடங்கிய இந்நடிகர் தம் கண்களைத் தானமாக அளிக்க உறுதி செய்திருந்தார். 2006-ஆம் ஆண்டு ஏப்பிரல் 12-ஆம் நாள் அவர் மறைந்தபின் அவ்வாறே அவை எடுக்கப்பெற்றுப் பிறர்க்குப் பயன்பட்டன. கன்னட நாட்டில் கண்தானம் பரவியதற்கு அவர் பெயர் பெருந்துணையாயிற்று. வேடமும் வாழ்வும் இங்ஙனம் ஒன்றியதைப் பத்திரிகைகள் வியந்து எழுதின. ஆய்வாளன் இதில் காலூன்றி மேலே கட்டிடம் எழுப்புதல் கூடாது. எனினும் கூறாது விடுவதும் முறையன்று.

கண்ணப்பருக்குப்பின் அவர் ஏற்ற அடியார் வேடங்கள் பல. 'பக்த கனகதாச' (1960), 'மகாத்மா கபீர்' (1962), 'சந்த துகாராம்' (1963), புரந்தரதாசர் வரலாறான 'நவகோடி நாராயண' (1964), 'மந்த்ராலய மகாத்மெ' (1966), குயவர் கோராவின் கதையான 'பக்த கும்பார' (1974) என அவை தொடர்கின்றன. இவற்றுட் பெரும்பாலானவற்றின் மையம் ஒன்றே: பிறப்பாலோ தொழிலாலோ வாயிலுக்கு வெளியே நிறுத்தப்பட்ட ஒருவனை நோக்கித் தெய்வம் திரும்புதல். உடுப்பிக் கண்ணன் கனகதாசர்க்காக மேற்கே திரும்பினான் என்பது கன்னட மரபு. இக்கருத்து நமக்கு அயலானதன்று. இக்கட்டுரை தொடங்கிய அதே சிறு நிலப்பகுதியில், குன்றத்தூர்க்குப் பக்கத்தே பூவிருந்தவல்லியில், வணிகர் குலத்திற் பிறந்து காஞ்சி வரதர்க்கு ஆலவட்டம் வீசிய திருக்கச்சிநம்பி தோன்றினார். அவரை ஆசானாகப் போற்றிய இராமாநுசரே பின்னர்க் கன்னட நாட்டு மேல்கோட்டையில் தங்கி வாழ்ந்தார். சற்று மேற்கே திருமழிசையில், பிரம்பறுக்கும் தொழிலாளர் வளர்த்த குழந்தை ஆழ்வாரானார் என்பது குருபரம்பரை கூறும் செய்தி. வேடன் புகழைப் பாடிய அமைச்சர்க்கும், நம்பிக்கும், ஆழ்வாருக்கும் ஊர்கள் இத்துணை அருகருகே அமைந்தது நிலவியலின் தற்செயல் என்க. அவர்தம் கருத்துகள் காவிரியின் மேற்புறத்தே சென்று மற்றொரு மொழியில் மீண்டும் முளைத்தது தற்செயல் அன்று.

இதற்கு மறுப்பும் கூறலாம். புராணப்படங்கள் அக்காலத்துச் சந்தைச் சரக்கு. எந்த நடிகரும் அவற்றில் நடித்தேயிருப்பார் என்பர். உண்மையே. இராஜ்குமார் மகிடாசுரனாகவும் (1959) நடித்தார். இரணதீர கண்டீரவன் (1960), இம்மடிப் புலிகேசி (1967), கிருஷ்ணதேவராயர் (1970) முதலிய வேந்தராகவும் நடித்தார். 'ஜேடர பலெ' (1968) தொடங்கி ஒற்றராகத் துப்பாக்கியும் ஏந்தினார். அவ்வொற்றர் படங்களை அவர் அன்பர்கள் எவ்வளவு விரும்பினும், அவை அவர் கலைக்கு அணியென்று நான் எண்ணவில்லை. ஆயினும் கண்ணப்பர் வேடத்தின் சுவடு அடியார் படங்களோடு நின்றிருந்தால் மட்டுமே மறுப்புக்கு வலிமை உண்டு. அது நிற்கவில்லை, தெய்வமே இல்லாத கதைகளிலும் தொடர்ந்தது.

'கஸ்தூரி நிவாச' (1971) கொடுத்தே தேய்ந்த செல்வன் ஒருவனின் கதை. கேட்டவர்க்குக் கொடுக்க ஒன்றுமில்லாத நாள் வந்தபோது அவன் உயிர் நிற்பதில்லை. 'பங்காரத மனுஷ்ய' (1972) டி. கே. இராமராவ் எழுதிய புதினத்தின் வழி எஸ். சித்தலிங்கையா இயக்கிய படம். கைம்பெண்ணான தமக்கையின் குடும்பத்தைத் தாங்குவதற்காகச் சிற்றூரிலேயே தங்கி, பாறை நிலத்தைத் திருத்தி, ஊரை வளர்த்த இராஜீவன், முடிவில் தான் வளர்த்தவன் வாயாலேயே குற்றச்சொல் கேட்கிறான். மறுமொழி கூறாமல் வீட்டைவிட்டு வெளியேறி நடந்துவிடுகிறான். குணசேகரனாயின் அங்கே நின்று வழக்குரைத்திருப்பான், பார்வையாளரும் கைதட்டியிருப்பர். இராஜீவன் நடக்கிறான். பெங்களூரில் ஒரே கொட்டகையில் ஈராண்டளவு அப்படம் ஓடியதற்கு உழவின் பெருமையையும் பாடல்களையும் காரணமாகக் கூறுவர். அவ்வாயடங்கிய நடையையும் ஒரு காரணமாக நான் சேர்ப்பேன். பகைவன்மேல் வெற்றி கொள்ளாத நாயகனை மக்கள் அத்துணை நாள் மீண்டும் மீண்டும் சென்று கண்டார்கள் என்பது எளிய செய்தியன்று.

கஸ்தூரி நிவாச தமிழில் 'அவன்தான் மனிதன்' (1975) என வந்தது. சிவாஜி கணேசன் நடித்தார். இரண்டையும் அடுத்தடுத்துக் காண்பவர், ஒரே கதை இரு நடிப்பு மரபுகளால் எவ்வாறு இருவேறு பொருள் பெறுகிறது என்பதைத் தெளிவாக அறியலாம். சிவாஜி இழப்பின் ஒவ்வொரு படியையும் நமக்கு உணர்த்துகிறார். உள்ளே நிகழும் போராட்டம் முகத்தின் ஒவ்வொரு தசையிலும் எழுதப்பட்டிருக்கிறது. அவன் இழக்கிறான் என்று நாம் அறிகிறோம், அவனும் அறிகிறான். இராஜ்குமாரின் செல்வன் தான் இழப்பதை நெடுநேரம் அறியாதவன்போலவே இருக்கிறான். கொடுப்பது அவனுக்கு மூச்சுவிடுதல் போன்றது. நடிப்புத்திறம் என்ற அளவில் தமிழ்ப்படத்தின் நுணுக்கம் மிகுதி என்பதில் எனக்கு ஐயமில்லை. கதையின் உயிர்க்கு நெருக்கமானது எது என்று கேட்டால் கன்னடத்தையே சுட்டுவேன். இதனைக் கேட்டு நண்பர் சிலர் என்னோடு சினந்ததும் உண்டு.

இனி மொழியையும் அரசியலையும் பற்றிச் சுருங்கக் கூறுவாம். வி. கி. கோகாக் குழுவின் பரிந்துரைப்படி பள்ளிகளில் கன்னடத்துக்கு முதலிடம் வேண்டுமென 1982-இல் எழுந்த கிளர்ச்சியில் இராஜ்குமார் முன்னின்றார். அதன்பின்னரே அது பெருவெள்ளமாயிற்று. தேர்தலில் மட்டும் அவர் இறங்கவில்லை. எம். ஜி. இராமச்சந்திரன் 1977-லும் என். டி. இராமராவ் 1983-லும் முதலமைச்சர்களானபோது, அவர்களை ஒத்த செல்வாக்குடைய இவர் விலகியே நின்றார். 2000-ஆம் ஆண்டு சூலை 30-ஆம் நாள் பிறந்த ஊரான காஜனூரில் இருந்தபோது வீரப்பனாற் கடத்தப்பெற்று, 108 நாட்களுக்குப்பின் நவம்பர் 15-இல் மீண்டார். அந்நாட்களில் இரு மாநில மக்களும் பட்ட அச்சம் நினைவிலுள்ளார்க்கு விரித்துரைக்க வேண்டுவதில்லை. ஒரு நடிகரின் உடல் இரு மொழியினர்க்கிடையே பிணைப்பொருளாக வைக்கப்பட்ட அக்காலத்தில், அவர் முதற்படத்தின் கதை தமிழ்க் காப்பியக் கதை என்பதை எவரும் எடுத்துரைத்ததாக நான் கேட்டிலேன். எடுத்துரைத்திருந்தால் பூசல் அடங்கியிருக்கும் என்று எண்ணும் பேதைமை எனக்கில்லை. அறிந்தோர் கூறவேண்டியதைக் கூறாதிருந்தனர் என்பதே குறை.

அவர் தம் பார்வையாளரை 'அபிமானி தேவரு' என்று, அன்பர்களாகிய தெய்வங்கள் என்று அழைத்துவந்தார். இதனை வெறும் பணிவுச்சொல்லாகக் கொள்வார் உளர். அவையை வணங்கித் தொடங்கும் நாடகக்குழு மரபு அதில் உண்டு. தொண்டரைத் தெய்வத்தினும் பெரியராகக் கொள்ளும் அடியார் மரபும் உண்டு. ஆயின் தெய்வமாக்கப்பட்ட கூட்டம் தெய்வத்தைப்போலவே எளிதில் சினம் கொள்ளும். அவர் மறைந்த நாட்களில் பெங்களூர்த் தெருக்களில் நேர்ந்த வன்செயலும் உயிரிழப்பும் அதற்குச் சான்று.

எஞ்சியிருப்பது பாட்டு. நாடகக்குழுவிற் பாடிப்பயின்ற நடிகர் திரையில் இருபதாண்டுகள் பெரும்பாலும் பிறர் குரலுக்கே வாயசைத்தார் என்பது வியப்புக்குரியது. தொடக்கத்தில் இரண்டொரு பாடல்கள் பாடியதுண்டு. முதலில் சி. எஸ். ஜெயராமனும், பின்னர் நெடுங்காலம் பி. பி. ஸ்ரீநிவாசும் அவர் குரலாயினர். பி. பி. ஸ்ரீநிவாசின் மென்குரலைத் தமிழில் ஜெமினி கணேசனோடு இணைத்தே நாம் அறிவோம். கன்னடத்தார்க்கு அது இராஜ்குமாரின் குரல். அக்குரல் பாட்டில் இனிமை சேர்த்தது. ஆயினும் உரையாடலில் மார்பிலிருந்து எழும் திண்ணிய ஒலி, பாட்டு வந்தவுடன் மறைந்து பட்டுப்போன்ற வேறோர் ஒலி தோன்றுவதைச் செவிக்கூர்மையுடையார் உணராமல் இருக்க இயலாது. 1974-இல் 'சம்பத்திகெ சவால்' படத்துக்கு ஜி. கே. வெங்கடேஷின் இசையில் அவரே பாடினார். எருமைமேல் அமர்ந்து நாட்டுப்புறத்தான் ஒருவன் பாடும் பாடல் அது. அதன்பின் தமக்குத் தாமே பாடலானார்; பிறர் நடித்த படங்களுக்கும் பாடினார்; இறைப்பாடல் தொகுதிகளும் பல தந்தார். 'ஜீவன சைத்ர' படப்பாடலுக்காக 1992-ஆம் ஆண்டுக்குரிய தேசியப் பின்னணிப் பாடகர் விருது அவர்க்குக் கிடைத்தது. பத்மபூஷணும் (1983) 1995-ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகிப் பால்கே விருதும் நடிகர்க்கு வந்தவை. இவ்விருது குரலுக்கு வந்தது.

அக்குரல் இசையரங்கக் குரலன்று. மேல்நிலையில் சிறிது கரகரப்பும், சொல்லை இசையினும் முதன்மையாக நிறுத்தும் பழக்கமும் அதற்குண்டு. குப்பிக் குழுவின் மேடை அதில் முழுமையாகக் கேட்கிறது. 1954-இல் அவர் கண்ணப்பராகத் தோன்றியபோது சிவனை விளித்துப் பாடியது சிதம்பரத்துக்காரர் ஒருவரின் குரல். குன்றத்தூர்ச் சேக்கிழார் திருத்தொண்டர் புராணத்தை அரங்கேற்றிய ஊர் சிதம்பரம். அப்பாடலின் இசைத்தட்டையும், இருபதாண்டுக்குப்பின் அவரே பாடத்தொடங்கிய பாடல்களையும், ஜெயராமன் பராசக்திக்குப் பாடியவற்றையும் ஒருசேரக் கேட்பிக்க ஒரு வகுப்புநேரம் போதும். கண்ணப்பநாயனார் புராணம் முதுகலைக்குப் பாடமாக உள்ள இடங்களிலேனும் அதனைச் செய்து பார்க்கலாம்.